நீலக் கட்டம் போட்ட சட்டை

மச்சான்,

இன்று காலை தோசை மாவு பொங்கி வழிந்துவிட்டது. பங்குனி வெயிலில் சட்டி நிறைய ஆட்டி வைத்துவிட்டுத் தூங்கினால் வேறென்ன ஆகும்? அடுப்படிக்குள் நுழைந்ததும் அந்தப் புளித்த வாசனை மூக்கில் ஏறியது. நான் நிலைப்படியிலேயே நின்றுவிட்டேன். மாவைத் துடைத்துக்கொண்டிருந்த என் மனைவி நிமிர்ந்து பார்த்து, "என்ன, பேயறஞ்ச மாதிரி நிக்கிறீக?" என்றாள். சிரித்து வைத்தேன். அவளிடம் சொல்ல முடியாததை உங்களுக்கு எழுதுகிறேன். நீங்கள் படிக்கமாட்டீர்கள் என்பது தெரியும். ஆனால் போன மாதத்திலிருந்து அதுவும் அவ்வளவு உறுதியாகத் தெரியவில்லை.

அந்த வாசனை என்னை எங்கே கொண்டுபோய் விட்டது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. எண்பத்தாறு. கள்ளுக்கடைகள் திறந்திருந்த கடைசிப் பங்குனி. அது கடைசி என்று அப்போது நமக்குத் தெரியாது. எனக்கு இருபது வயது; படிப்பை முடித்துவிட்டு வீட்டுச் சோற்றுக்குக் கேடாக இருந்தேன். நீங்கள் அக்காளைக் கட்டி இரண்டு வருஷம். நூல்கடையிலிருந்து வந்து, சிப்பம் சுற்றுகிற நீலக் காகிதத்தை என் முன்னால் விரித்தீர்கள். அதன் பின்புறத்தில் பென்சிலால் ஒரு ரோடு, ரோட்டோரம் நாலு பனைமரம்.

"ஞாயித்துக்கிழம சைக்கிள எடு மாப்ள. பரளச்சி போயி, திருச்சுழி போயி, நரிக்குடி ரோட்டுல முடிக்கிறோம். நாலு தோப்பு, நாலு பட்டை. திரும்பி வர பஸ்ஸு மேல சைக்கிள ஏத்திருவோம்."

அக்காளிடம் திருச்சுழிக் கோயிலுக்கு என்று சொன்னோம். தூரத்திலிருந்து கோபுரத்தைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டோம். ஆகவே முழுப்பொய் என்று சொல்ல முடியாது.

புறப்படும்போதே ஒரு விதி போட்டீர்கள். "நீ முன்னால போ, நான் பின்னால வாரேன். மெதுவாப் போறவன் முன்னால போகணும். அப்பத்தான் ரெண்டு பேரும் ஒண்ணாப் போய்ச் சேருவோம்." என் மிதியைக் கேலி செய்கிறீர்கள் என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். ஆனால் பரளச்சி ரோடு முழுக்க உங்கள் சைக்கிளின் சத்தம் என் முதுகுக்குப் பின்னால் வந்துகொண்டே இருந்தது. அது எனக்குப் பெரிய தைரியமாக இருந்தது என்பதை இப்போது சொன்னால் என்ன குறைந்துவிடப்போகிறது?

முதல் தோப்பு வெயில் ஏறுமுன் வந்துவிட்டது. பனையோலையை மடித்துக் கட்டிய பட்டையை இரண்டு கையாலும் ஏந்தி, நுரையை ஊதி விலக்கி, ஒரு வாய் வைத்துக் கண்ணை மூடினீர்கள். "செவக்காட்டு மரம் மாப்ள. இனிச்சுக் கெடக்கு. கரிசல்ல போயிப் பாரு, நாக்கக் கடிக்கும்." வைத்தியர் நாடி பார்க்கிற மாதிரி இருந்தது. நான் சிரித்தேன். நீங்கள் சிரிக்கவில்லை.

அங்கேதான் நாம் எதற்காக வந்திருக்கிறோம் என்று சொன்னீர்கள். உங்கள் அண்ணன் வீட்டை விட்டுப் போன கதை எனக்கு அரைகுறையாகத் தெரியும். பத்தொன்பது வயதில் போனவர். பதினாலு வருஷம் ஆகிறது. அவர் கள்ளுக் குடித்தார் என்று உங்கள் அப்பா நடுத்தெருவில் வைத்து அறைந்தார், அவர் சைக்கிளை எடுத்துக்கொண்டு போனார், அவ்வளவுதான் தெரியும். அவரைக் காட்டிக்கொடுத்தது யார் என்பது தெரியாது.

"நான்தான் மாப்ள. எனக்கு பதிமூணு வயசு. பம்பரம் வாங்கித் தரலன்னு அப்பாட்டப் போட்டுக்குடுத்துட்டேன்." பட்டையில் மிச்சமிருந்ததை மண்ணில் ஊற்றினீர்கள். "இந்தப் பக்கத்துத் தோப்புகள்ல என் சாடையில ஒரு ஆளு சைக்கிள்ல சுத்துறதா லாரி டிரைவர் ஒருத்தரு சொன்னாரு. கண்டுபிடிச்சு வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிரணும். அம்மா இருக்கும்போதே."

உங்கள் அம்மாவைப் பற்றி நீங்கள் எனக்குச் சொல்ல வேண்டியதில்லை. அத்தை ஒவ்வொரு தீபாவளிக்கும் மூத்த மகனுக்கு ஒரு சட்டை தைத்து டிரங்குப் பெட்டியில் வைப்பார். அளவுக்கு அந்த மகனுடைய பழைய சட்டை ஒன்று உண்டு. "முப்பது தாண்டிய மனுசனுக்கு இது பத்துமா?" என்று தையல்காரர் கேட்டால், "எம்மவன் போகும்போது இந்த அளவுதான்" என்பார். முந்தின தீபாவளிக்குத் துணி எடுக்க நான்தான் கூடப் போனேன். நீலக் கட்டம் போட்ட துணி.

பரளச்சியைத் தாண்டி இரண்டாவது தோப்பு. பல் போன ஒரு பெரியவர் கலயத்தோடு உட்கார்ந்திருந்தார். உங்களைப் பார்த்ததும், "என்ன, திரும்பி வந்துட்டீக?" என்றார்.

"இப்பத்தான வாரோம் பெரியவரே."

"இந்த மரத்தடியில குடிச்சிட்டு, இந்தா இப்பத்தான போனீக!" கையைப் புருவத்துக்கு மேல் வைத்து மறுபடி பார்த்தார். "இல்லல்ல. அவரு கொஞ்சம் எளந்தாரி. ஆனா அச்சு அசல் ஒங்க சாடை."

பட்டையைத் தொடாமலே எழுந்துவிட்டீர்கள். அதற்கப்புறம் உங்கள் விதியை நீங்களே மீறினீர்கள். அன்றைக்குத்தான் உங்கள் முதுகை முதன்முதலாகப் பார்த்துக்கொண்டு சைக்கிள் மிதித்தேன்.

திருச்சுழிக்குக் குறுக்கு வழியாக வறண்ட கண்மாய்க்குள் இறங்கினோம். உச்சி வெயில். கரையில் ஆடுகள் நின்றன. ஒன்றுகூட மேயவில்லை, எல்லாம் திருச்சுழிப் பக்கமே பார்த்துக்கொண்டு நின்றன. காற்றே இல்லை, ஆனால் பனைகளில் காய்ந்து தொங்கிய காவோலை மட்டும் சரசரவென்று பேசிக்கொண்டிருந்தது. கண்மாய்க்கு நடுவே மணல் முட்டியளவு கிடந்தது. எப்பேர்ப்பட்டவனும் இறங்கித் தள்ளித்தான் ஆகவேண்டும். நாமும் இறங்கினோம். நமக்கு முன்னால் ஒரு சைக்கிள் போன தடம் இருந்தது. புதுத் தடம், ஓரம்கூடச் சரியவில்லை. அதன் பக்கத்தில் காலடி இல்லை.

நான் அதைப் பார்த்தேன். நீங்களும் பார்த்தீர்கள். திரும்பி நம்முடைய தடத்தைப் பார்த்தீர்கள்: இரண்டு சைக்கிள், இரண்டு ஜோடிக் கால். மறுபடி முன்னால் பார்த்தீர்கள். போதை என்று யாராவது சொல்லலாம். நான் குடித்தது ஒரே ஒரு பட்டை, அதுவும் காலையில் இறக்கிய இனிப்புக் கள்.

திருச்சுழிக்கு வெளியே மூன்றாவது தோப்பில் சுண்டல் விற்ற அம்மாவிடம் நீங்களே முந்திக்கொண்டு கேட்டீர்கள். "என் சாடையில ஒருத்தரு வந்தாரா? முப்பத்திமூணு வயசு இருக்கும்."

"வந்துச்சு. ஆனா அது சின்னப் பய. பத்தொம்பது, இருவது இருந்தா அதிகம்."

"நல்லா யோசிச்சுப் பாருங்க, ஆத்தா."

"எங் கண்ணு ஒண்ணும் அவிஞ்சு போகலப்பா. இப்பத்தான் மீசை கட்டுற வயசு. நரிக்குடிப் பக்கமாப் போகுது."

நீங்கள் அப்படியே தரையில் உட்கார்ந்தீர்கள். "திரும்பிருவோம் மச்சான்" என்றேன். "இவ்வளவு தூரம் வந்துட்டு எப்பிடி மாப்ள திரும்புறது?" என்றீர்கள். உங்கள் குரல் சின்னப் பையனுடையது போல் இருந்தது.

நாலாவது தோப்பு கண்ணுக்குத் தெரிகிற இடத்தில் கருவேல முள் ஏறி என் டயர் படுத்துவிட்டது. "நீ இங்கயே இரு, நான் கேட்டுட்டு வாரேன்" என்று போனீர்கள். அரைமணி நேரம் இருக்கும். ரோட்டில் ஒரு ஈ காக்கை இல்லை. கானல் ஆடியது. கானலுக்குள் ஒரு சைக்கிள் போவதுபோல் தெரியும், உற்றுப் பார்த்தால் இராது. நீங்களும் திரும்பி வராவிட்டால் அக்காளுக்கு என்ன பதில் சொல்வேன் என்று நினைத்து அழுதுவிட்டேன். இதை உங்களிடம் சொன்னதே இல்லை.

சைக்கிளைத் தள்ளிக்கொண்டே வந்தீர்கள். பக்கத்தில் வந்தும் கள் வாசனை வரவில்லை.

"என்ன சொன்னாக மச்சான்?"

"நீலக் கட்டம் போட்ட சட்டையாம் மாப்ள."

பஸ் வந்தது. இரண்டு சைக்கிளையும் மேலே ஏற்றினோம்.

பொழுது சாய ஊர் வந்து சேர்ந்தோம். அத்தை ராட்டையில் நூல் சுற்றிக்கொண்டிருந்தார். நீங்கள் செருப்பைக்கூடக் கழற்றாமல் போய் அவர் முன்னால் குத்தவைத்தீர்கள்.

"அண்ணனப் பாத்தேம்மா."

ராட்டை நின்றது.

"தூரத்துலதான். கூப்பிட்டேன், கேக்கல. நீலக் கட்டம் போட்ட சட்டையப் போட்டிருந்தான்."

அத்தை டிரங்குப் பெட்டியைப் பார்த்தார். எழுந்து திறந்து பார்ப்பார் என்று நினைத்தேன். அவர் உங்கள் முகத்தைத்தான் வெகுநேரம் பார்த்தார். பிறகு கேட்டார்: "அளவு சரியா இருந்துச்சா?"

"தச்சு வச்ச மாதிரி இருந்துச்சும்மா."

பதினாலு வருஷமாக அழாத மனுஷி அன்றைக்குத் தெருவே கூடும்படி அழுதார். அடுத்த அமாவாசைக்கு, "எம்மூத்தவனுக்குச் செய்யவேண்டியதச் செஞ்சிருங்க" என்று அவரே சொன்னார். திருச்சுழியில் குண்டாற்றங்கரையில் திதி கொடுத்தோம். பெட்டியிலிருந்த சட்டைகளை அங்கிருந்த ஏழைப்பட்டவர்களுக்குக் கொடுக்கச் சொன்னார். மூட்டையைப் பிரித்துக் கொடுத்தது நான். பதினாலு இருக்கவேண்டும், பதிமூன்றுதான் இருந்தன. நீலக் கட்டம் போட்டது அதில் இல்லை.

இத்தனை வருஷமாக இது என்னைக் குடைந்திருக்கிறது. நாலாவது தோப்பில் உண்மையில் யாராவது இருந்தார்களா? நீங்கள் கேட்டீர்களா? அத்தையின் மனசை ஆற்றுவதற்காக அந்தச் சட்டையை நீங்களே எடுத்து எங்காவது மறைத்துவிட்டீர்களா? அப்படியானால் அந்த மணலில் காலடி இல்லாத தடத்தை என்ன செய்வது? எத்தனையோ தடவை கேட்க வாயெடுத்தேன். நீங்கள் பேச்சை மாற்றிவிடுவீர்கள். அத்தை போய்ச் சேர்ந்தார். தொண்ணூற்று மூன்றில் நீங்களும் போனீர்கள்.

உங்கள் சாவைப் பற்றி உங்களுக்கே எழுதுவது விநோதமாக இருக்கிறது. மஞ்சள் காமாலை என்று மதுரைக்குக் கொண்டுபோனோம். ஊசி போடச் சட்டையைக் கழற்றியவர்கள் அதை எங்கே வைத்தார்களோ, கிடைக்கவில்லை. அக்கா வெந்நீர் வாங்கக் கீழே இறங்கிய நேரத்தில் உங்கள் மூச்சு நின்றது. வெறும் உடம்பைப் போர்வையில் சுற்றித்தான் கொடுத்தார்கள். "இஸ்திரிப் பெட்டி போட்ட சட்டை இல்லாம வாசல் தாண்டாத மனுசன வெத்து ஒடம்போட அனுப்பிட்டேனே" என்று அக்கா இன்றுவரை சொல்லிக்கொண்டிருக்கிறாள். சாப்பிடும்போது சொல்வாள். நடுச்சோற்றில் கை நின்றுவிடும்.

போன மாதம் உங்கள் சைக்கிளை எடுத்தேன். ஏன் எடுத்தேன் என்று தெரியவில்லை. அதே ரோடு. இப்போது கள் கிடையாது. தோப்புகளில் சுண்ணாம்புக் கலயத்துப் பதநீர்தான். ஒவ்வொரு இடத்திலும், "எனக்கு முன்னால யாரும் போனாகளா?" என்று கேட்டேன். பரளச்சியில் இல்லை என்றார்கள். திருச்சுழியில் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள். நரிக்குடி ரோட்டில் அந்த நாலாவது தோப்பில் ஒரு பெண் இருந்தாள். "இந்தக் காட்டுல காலையிலருந்து நீங்கதான் மொத ஆளு" என்று சொல்லிப் பட்டையில் ஊற்றினாள். வாங்கிக்கொண்டேன்.

அவள் கலயத்தைக் கீழே வைக்கவில்லை. என் தோளுக்கு மேலாகப் பார்த்தாள்.

"பின்னால வாராகளே, அவுகளுக்கும் சேத்து ஊத்தவா?"

மச்சான், எனக்குப் பயமாக இருந்தது. மறைப்பானேன். மிதிப்பதை நிறுத்திய சைக்கிள் ஒன்று உருண்டு வருகிற கிரிகிரிச் சத்தம் கேட்டது. கேட்டதா, நானாக நினைத்துக்கொண்டேனா தெரியாது. நான் திரும்பவில்லை. திரும்பி, அங்கே ஒருவரும் இல்லை என்றால்? அதை என்னால் தாங்கியிருக்க முடியாது.

"ஊத்துங்க" என்றேன். அந்தப் பட்டையை வாங்கி மரத்தடியில் சாயாமல் வைத்துவிட்டு, வந்த வழியைத் திரும்பியும் பார்க்காமல் திருச்சுழிக்கு வேறு பாதையில் சுற்றிக்கொண்டு வந்தேன்.

அக்காளிடம் சொல்லக்கூடாது என்றுதான் நினைத்திருந்தேன். அவள் தட்டில் சோறு போட்டுவிட்டு உட்கார்ந்தாள். வழக்கம்போல அவள் கை நடுச்சோற்றில் நின்றது. சொல்லிவிட்டேன். அவள் அழவில்லை, ஆச்சரியப்படவும் இல்லை. நேராக இதைத்தான் கேட்டாள்.

"என்ன சட்டை போட்டிருந்தாக தம்பி?"

நான் திரும்பியே பார்க்கவில்லை. அது எனக்குத் தெரியும். ஆனால் என் வாய் ஒரு நொடிகூடத் தயங்கவில்லை.

"வெள்ளைச் சட்டைக்கா. நீ பெட்டி போட்டுக் குடுப்பேல்ல, அதுதான்."

"மேப் பித்தானு போட்டிருந்தாகளா?"

"அது எப்பயும்போலத் தொறந்துதான் கெடந்துச்சு."

"சொன்னாக் கேட்டாத்தான" என்று சொல்லிவிட்டு அக்கா சிரித்தாள். கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது. அப்படியே கையிலிருந்த சோற்றை வாயில் போட்டுக்கொண்டாள்.

இனிமேல் அந்த நாலாவது தோப்பில் நீங்கள் என்ன கேட்டீர்கள் என்று உங்களிடம் கேட்கமாட்டேன். அந்தச் சட்டை எங்கே போயிற்று என்றும் கேட்கமாட்டேன். சைக்கிளுக்கு எண்ணெய் போட்டு வைத்திருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மறுபடியும் போகிறேன். மெதுவாகத்தான் போவேன், மச்சான். வாங்க.