கணேசன் கழனியில் இறங்கிய மெஷின்

திருப்பாச்சூர்,
புதன்கிழமை

அன்புள்ள முரளிக்கு,

ஞாயிற்றுக்கிழமை போனில் நைனா எங்கே என்று கேட்டாய், கழனிக்குப் போயிருக்கிறார் என்றேன். போலீஸ் ஸ்டேஷனில் இருக்கிறார் என்று சொல்லவில்லை. நீ அங்கே சௌக்கியமாகச் சாப்பிட்டுத் தூங்கி வேலைக்குப் போக வேண்டும் என்றுதான் மறைத்தேன். பெரியப்பா போன் செய்து அவர் பாணியில் சொல்வதற்குள் நானே எழுதிவிடுகிறேன்.

நம் கழனிக்கு ரோட்டிலிருந்து வழி கிடையாது, கணேசன் கழனியைத் தாண்டித்தான் அறுப்பு மெஷின் வர வேண்டும், அதனால் இரண்டு வீடும் ஒரே வாரத்தில் நடுவோம், அவன் அறுத்த தாளின் மேல் நம் மெஷின் வரும், அன்று சோறு நம் வீட்டில், குழம்பு அவன் பெண்டாட்டி பிரேமா வீட்டில். உனக்குத் தெரியாததா. இந்த வருஷம் காக்களூர் கம்பெனியில் கணேசனுக்கு ஓயாமல் நைட் ஷிஃப்ட், நடவு தள்ளிப்போய்விட்டது. நம் நெல் பழுத்துத் தலை சாய்ந்தபோது அவன் பயிர் பச்சையாக நின்றது. மழை வரும் என்று டிவியில் சொன்னார்கள். அண்ணா, கதிர்ல இன்னும் பாலே முத்தல, கொஞ்சம் பொறுத்துக்கோ என்று கணேசன் வந்து கேட்டான். ஷிஃப்டுக்குப் போய்க்கினு இருக்கிறவனுக்குப் பயிரு இன்னாத்துக்குடா, போய் கேன்டீன்ல துன்னு என்றார் உன் நைனா.

சனிக்கிழமை விடிந்ததும் மெஷினைப் பச்சைப் பயிரில் இறக்கினார். நானும் கூடத்தான் போனேன். கணேசன் யூனிஃபார்மோடு ஓடிவந்து மெஷினுக்கு முன்னால் நின்றான், டிரைவர் நிறுத்திவிட்டு இறங்கி விலகிக்கொண்டான். உன் நைனா அவன் சட்டையைப் பிடித்து இழுத்துச் சேற்றில் தள்ளி மிதித்தார். அவன் எழுந்து கையில் கிடைத்த மண்வெட்டியைச் சுழற்றினான், இவர் தோள் கிழிந்தது. இவர் அதைப் பிடுங்கி அவன் முழங்காலில் அடித்தார், விழுந்தவனை மறுபடியும் அதே இடத்தில் அடித்தார். எலும்பு முறிந்த சத்தம் நான் நின்ற வரப்பு வரை கேட்டது. பிரேமா வந்து அவன் தலையை மடியில் போட்டுக்கொண்டு, பார்த்துக்கினே நின்னியே அக்கா, ஒரு வார்த்தை சொன்னியா என்றாள். நான் சொல்லவில்லை.

போலீஸ் கேட்டபோது முதலில் கைவைத்தது என் வீட்டுக்காரர்தான் என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டேன். அவரை ஜெயிலுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். புருஷனைக் காட்டிக்கொடுத்தவள் என்று பெரியப்பா நம் வாசலில் நின்று கத்திவிட்டுப் போனார். நீயும் அப்படி நினைத்தால் என்ன செய்வேன் என்று தெரியவில்லை, ஆனாலும் வேறு மாதிரி சொல்லியிருக்க மாட்டேன். நம் நெல் இன்னும் நிற்கிறது, எந்த டிரைவரும் வர மாட்டேன் என்கிறான்.

கணேசன் காலைக் காப்பாற்றிவிடலாம் என்று டாக்டர் சொன்னாராம். கால் இருந்தால்தான் அவனுக்குக் கம்பெனி வேலையும் கழனியும். நீ மறக்காமல் பிரேமாவுக்கு ஒரு போன் செய், திட்டினால் கேட்டுக்கொள், பதில் பேசாதே. கோபத்தில் டிக்கெட் போட்டு ஓடிவராதே. பூனாவில் குளிர் என்கிறார்கள், ஸ்வெட்டர் போட்டுக்கொள். நீ நன்றாக இரு, உன் கை யார் மேலும் ஓங்காமல் இருக்கட்டும்.

உன் அம்மா,
ஹேமாவதி

பி.கு.: கவரை ஒட்டுவதற்குள் பிரேமாவின் தம்பி வந்து சொன்னான். இன்று மத்தியானம் கணேசனின் காலை முழங்காலுக்கு மேல் எடுத்துவிட்டார்கள்.