உன் தங்கைக்கு இல்லாத முழங்கால் வலி

அன்புள்ள மகனுக்கு,

அம்மா எழுதுகிறேன். நீயும் மருமகளும் குழந்தையும் சுகம்தானே. நாங்களும் சுகம் என்று எழுதிவிடலாம், ஆனால் சில மாதமாக எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை, உன் அப்பா ரத்த அழுத்த மாத்திரையைக் கையில் வைத்துக்கொண்டு என் பின்னாலேயே நடக்கிறார். போனில் பாதிதான் சொன்னேன், முழுவதையும் கேள்.

குடிநீர் வாரிய ஆய்வகத்தில் பதினான்கு வருடமாகத் தண்ணீர் சோதிக்கிற உன் தங்கையை, பஸ்ஸில் ஏழு மணி நேரம் தள்ளியிருக்கிற ஊருக்கு மாற்றினார்கள். செவ்வாய், வியாழன், சனி அவளுக்கு டயாலிசிஸ் என்று அந்த அலுவலகத்தில் வாசல் காவலருக்குக்கூடத் தெரியும். நானே அந்த ஊருக்குப் போய் ஆஸ்பத்திரியைப் பார்த்தேன். டயாலிசிஸ் அறை பூட்டிக் கிடக்கிறது, ஜன்னல் வழியாகப் பார்த்தால் மெஷின் மேல் பழைய மெத்தைகள். மனுக் கொடுத்தோம், பதிலே இல்லை, கோர்ட்டுக்குப் போனோம். இடமாற்றம் நிர்வாகத்தின் உரிமை, சாதாரணமாக அதில் தலையிட மாட்டோம், ஆனால் இந்தப் பெண்ணின் உடல்நிலையைப் பரிசீலித்து, காரணத்தோடு நான்கு வாரத்தில் உத்தரவு போடுங்கள் என்றார் நீதிபதி.

இருபத்தேழாம் நாள் உத்தரவு வந்தது. என்ன எழுதியிருந்தார்கள் தெரியுமா? மனுதாரரின் முழங்கால் வலி கவனமாகப் பரிசீலிக்கப்பட்டதாம், புதிய ஊரில் எலும்பு மருத்துவர் இருப்பதால் மனு நிராகரிக்கப்படுகிறதாம்! யாருடைய உத்தரவையோ எடுத்துப் பெயரை மட்டும் மாற்றியிருக்கிறார்கள். நேரே போய் மேலாளரிடம் கேட்டேன். "காலோ கிட்னியோ, எல்லாம் வலிதானே டீச்சரம்மா, கோர்ட்டு பரிசீலிக்கச் சொல்லுச்சு, பரிசீலிச்சாச்சு" என்று சிரிக்கிறார். என் வகுப்பில் ஒருவன் பக்கத்துப் பையனைப் பார்த்து எழுதும்போது அவன் பதிவெண்ணையும் சேர்த்து எழுதிவிட்டான், ஆனால் பிடிபட்டதும் அழுதான். அந்தப் பிள்ளைக்கு இருந்த வெட்கம்கூட இந்த மனிதருக்கு இல்லை.

உன் மேலும் எனக்குக் கோபம். "வேலைய விடச் சொல்லுங்கம்மா, நான் பாத்துக்கறேன்" என்றாய். நல்ல மனதோடுதான் சொன்னாய், ஆனால் அதைக் கேட்டு அவள் என்ன சொன்னாள் தெரியுமா? "வாரத்துல மூணு நாள் நான் நோயாளிம்மா. வேலையும் போச்சுன்னா ஏழு நாளும் நோயாளிதான், அண்ணனுக்கு இது புரியலையா?"

போன புதன்கிழமை மறுபடி விசாரணை. நீதிபதி உத்தரவைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். முழங்கால் வலி யாருக்கு என்று கேட்டார். அரசு வக்கீல் கோப்பைப் புரட்டிப் புரட்டிப் பார்த்துவிட்டு, தட்டச்சுப் பிழை என்றார். "பிழைன்னா ஒரு எழுத்து மாறும், இங்க ஆளே மாறியிருக்காங்க" என்றார் நீதிபதி. உத்தரவை ரத்து செய்துவிட்டார். மாற்றுவது உங்கள் உரிமை, பார்த்து மாற்றுவது உங்கள் கடமை, மருத்துவக் குழு இவளை நேரில் பார்த்து அறிக்கை தரும்வரை இங்கேயே வேலை பார்க்கட்டும் என்று சொல்லிவிட்டார்.

வீட்டுக்குப் போகலாம் என்றால் இவள் நகரவில்லை. "அந்த முழங்கால் வலிக்காரர் யாரும்மா?" என்கிறாள். விசாரித்து இரண்டே நாளில் கண்டுபிடித்துவிட்டாள். தண்ணீர் லாரி ஓட்டுநர். அவருக்கு வந்த உத்தரவிலும் வரிக்கு வரி அதேதான், அவரை மாற்றிய ஊரில் எலும்பு மருத்துவரே கிடையாது. "நமக்கெல்லாம் எதுக்கு தங்கச்சி கோர்ட்டு" என்று நொண்டிக்கொண்டே அந்த ஊருக்குப் போய் வேலையில் சேர்ந்துவிட்டாராம். "எனக்கு உங்க வலியக் குடுத்தாங்கண்ணே, அதுக்காவது ஒரு மனுவுல கையெழுத்துப் போடுங்க" என்று இவள் போனில் சண்டை பிடித்துச் சம்மதிக்க வைத்திருக்கிறாள்.

ஞாயிறு அவளைக் கூப்பிட்டுப் பேசு, வேலையை விடு என்று மட்டும் சொல்லாதே. உங்கள் ஊர்க் குளிரில் காதை மூடிக்கொண்டு வெளியே போ. மூவரும் நோய்நொடியில்லாமல் நிறைவாக வாழ வேண்டும். இதோ, எதிரே உட்கார்ந்து அந்த ஓட்டுநருடைய மனுவை அவள் எழுதி முடித்துவிட்டாள். சிறுநீரகம் என்று எங்கேயாவது வந்துவிட்டதா என்று நான் இரண்டு முறை படித்துப் பார்த்துவிட்டேன்.

கோபமும் ஆசியுமாக,
உன் அம்மா