சைவ வீட்டுக்கு ஒரு ஃபிரிட்ஜ்

யூலை 3, செவ்வாய்

கச்சான் காற்று, மேற்கிலிருந்து நெருப்பாக. காலை எட்டு மணிக்கே சட்டை முதுகோடு ஒட்டிவிட்டது. மீன் சந்தைப் பரிசோதனை. ஒரு பெட்டி சாளை, இரண்டு பெரிய பாரை, பாவனைக்கு உதவாது என்று மண்ணெண்ணெய் ஊற்றிப் புதைத்தோம். விற்றவன் செவுளுக்கு எதையோ பூசிச் சிவப்பாக்கி வைத்திருந்தான். பத்தொன்பது வருடமாகச் சுகாதாரப் பரிசோதகர். மனிதர் மனிதருக்குத் தின்னக் கொடுப்பதைப் பார்த்துப் பார்த்து எனக்குச் சாப்பாடே பாதி வெறுத்துவிட்டது.

வழமைபோல் கிணற்றடியில் குளித்துவிட்டுத்தான் வீட்டுக்குள்.

பின்னேரம் ப.வை டொக்டரிடம் காட்டினேன். (கலியாணமாகி இருபத்திரண்டு வருடம். மனைவியின் முழுப்பெயர் எழுத இன்னும் பஞ்சி, ஓரெழுத்துப் போதும்.) சீனி வருத்தத்துக்கு அவள் தினமும் போடுகிற ஊசிமருந்து இந்த வெக்கையில் பழுதாகிறதாம். போன மாதம் சத்தியெடுத்து, மயங்கி, நான்கு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தது அதனால்தானாம். இன்னொரு தரம் அப்படி வந்தால் தன்னால் ஒன்றும் சொல்ல முடியாது என்றார். மருந்து ஃபிரிட்ஜில் இருக்க வேண்டும். வீட்டில் இல்லாவிட்டால் இருக்கிற வீட்டில் கொடுத்து வைக்கட்டாம்.

இருக்கிற வீடு! அயலில் மூன்று வீட்டில் ஃபிரிட்ஜ். மூன்றுக்குள்ளும் என்ன கிடக்கிறதென்று எனக்குத் தெரியும். ஆட்டுத்தலை, இறால், போன கிழமைக் கறி. நாங்கள் முட்டைகூட வீட்டுக்குள் எடுக்காதவர்கள். அந்தக் குப்பைக்குள் இருந்த போத்தலில் ஊசியைக் குத்தி இவள் உடம்பில் ஏற்றுவதா. ஏலாது என்று சொல்லிவிட்டேன். சொந்தமாக ஒன்று எடுப்போம். சுத்தமாக, குசினிக்குள் அடங்குகிறதாக. அதுவரை மருந்து மண்பானையில். பானைத் தண்ணீரை நானே நாளுக்கு இரண்டு தரம் மாற்றுவேன்.

ப. பானையைக் கழுவி வைத்தாள்.

யூலை 6, வெள்ளி

காற்று நிற்கவில்லை. கண்ணெல்லாம் மண்.

குசினி அளந்தேன். அடுப்புக்கும் கதவுக்கும் நடுவில் இரண்டடி ஒரு அங்குலம். அரசாங்கக் குவாட்டஸ் கட்டியவன் சமைத்துச் சாப்பிட்டிருக்க மாட்டான்.

பார்க்க வேண்டியவை:
பிரதான வீதிக் கடை, புதுசு.
துறைமுகப் பக்கம் பழைய பங்களா, சாமான் ஏலம், ஞாயிறு.
சீனன்குடாவில் ஒருவர் சவுதிக்குப் போகிறார், சின்னது ஒன்று விற்கிறாராம்.
குசினிக்குப் பிளக் அடிக்க வேண்டும்.
என் சில்வர் பேணி எங்கே?

கடைசியானதுதான் எரிச்சல். அப்பாவின் பெயர் வெட்டிய பேணி. அதைத் தவிர வேறொன்றிலும் நான் வாய் வைப்பதில்லை. ப.வைக் கேட்டால், எங்கேயாவது இருக்கும், வரும் என்கிறாள்.

மத்தியானம் கடைக்குப் போனேன். இறக்குமதி திறந்துவிட்டதிலிருந்து ஊரெல்லாம் பெட்டி. அலுமாரி அளவு ஒன்று, அதைவிடப் பெரியது இன்னொன்று. குசினிக்குக் கொள்ளாதே என்றேன். விற்கிற பொடியன் என்னைப் பாவம் பார்த்தான். "குசினியில ஆரும் வைக்கிறதோ ஐயா? ஹோலில வைச்சால்தானே வாறவை காண்பினம்." வருத்தக்காரிக்கு மருந்து வைக்கக் கேட்டேன், வாறவைக்குக் காட்ட அல்ல. கதவைத் திறந்தேன். புதுப்பெட்டி, விற்பனைக்கு நிற்பது. உள்ளே அவன்ர மத்தியானச் சாப்பாட்டுப் பார்சல். கருவாட்டுச் சம்பல். வந்துவிட்டேன்.

ப. புதன் தொடக்கம் தினமும் காலையில் கோயில். விடிந்ததும் பூக்கூடையோடு போய் ஆறரைக்குத் திரும்பிவிடுகிறாள். ஆஸ்பத்திரிக்குப் போய் வந்தவர்களுக்குப் பக்தி கூடும்தான்.

யூலை 8, ஞாயிறு

ஏலம். வெள்ளைக்காரன் காலத்துப் பெட்டி. இரும்பு. நான்கு பேர் தூக்க வேண்டும். கதவின் றப்பர் மடிப்பை நகத்தால் விரித்துப் பார்த்தேன். வரிசையாகக் கரப்பான் முட்டை. ஏலம் போடுகிறவர், ஐயா பெண் பார்க்க வந்தாலும் இப்படிப் பார்க்கமாட்டார் என்றார். எல்லாரும் சிரித்தார்கள். சிரிக்கட்டும். அதை எடுத்தவர் இரண்டு நாளில் வயிற்றோட்டத்தோடு என் கந்தோருக்குத்தான் வருவார்.

ப.வின் முகம் தெளிந்திருக்கிறது. தலைச்சுற்று இல்லையாம். பானை வேலை செய்கிறது. டொக்டர்மாருக்கு எல்லாம் ஃபிரிட்ஜ்தான். காலையும் மாலையும் தண்ணீர் மாற்றுகிறேன். போத்தல் அடியில் நிற்கிறது, கண்ணால் கண்டேன். ஊசி போடுவதை மட்டும் நான் பார்ப்பதில்லை. ஊசியைக் கண்டால் எனக்குக் கண் இருட்டும். கந்தோரில் ஒருவருக்கும் தெரியாது.

யூலை 10, செவ்வாய்

சீனன்குடா. பஸ்ஸில் ஒருவன் என் தோளில் நித்திரை, எண்ணெய்த் தலை.

பெட்டி சின்னது. ஒரு அடி பதினொரு அங்குலம். அளவு சரி, நல்ல குளிர், விலையும் நியாயம். தலையை உள்ளே விட்டு மணந்தேன். மாட்டிறைச்சி. சவுதிக்குப் போகிறவரின் மனைவி பக்கத்தில் நின்றாள். "மூண்டு தரம் தேசிக்காய் போட்டுக் கழுவினனான் ஐயா." கழுவியிருப்பாள். மணக்கிறது, நான் என்ன செய்ய. சொன்னேன். அவள் முகம் சுருங்கிவிட்டது.

வீட்டுக்கு வந்து ப.வுக்குச் சொன்னேன். ஏதாவது ஒன்றை எடுங்கோவன் என்றாள். ஏதாவது ஒன்றா? இவளுக்குத்தான் பார்க்கிறேன், இவளுக்கு அக்கறை இல்லை.

யூலை 12, வியாழன்

எழுதத்தான் வேண்டும்.

இன்று இறங்குதுறைச் சாப்பாட்டுக் கடைகள். மூதூர் லாஞ்சி நிற்கிற இடத்தில் திரேசம்மாவின் கடை. தனியாக நடத்துகிற மனுசி. போன வருடம் இரண்டு தரம் எச்சரித்தேன். இன்று அவளுடைய ஃபிரிட்ஜுக்கு முடிவு கட்டுவதென்றுதான் போனேன். கதவு மூடாது, சைக்கிள் ரியூப்பால் கட்டியிருந்தது. அவிழ்த்தேன்.

குறிப்பு எடுத்தபடி: கீழே நேற்றைய மீன்குழம்பு, மூடியில்லை. கணவாய், தண்ணீர் வடிந்தபடி. நடுத்தட்டில் அவித்த இறைச்சி, வெட்டிய தேசிக்காய்ப் பாதி. கரப்பான் ஒன்று, உயிரோடு, குளிரில் நடக்கமாட்டாமல்.

மேல்தட்டு. தேய்த்துக் கழுவிய தட்டு. வெள்ளைத் துணி விரித்து, நடுவில் ஒரேயொரு சாமான். என் பேணி. அப்பாவின் பெயர். உள்ளே பஞ்சு சுற்றிய சின்னப் போத்தல். ஆஸ்பத்திரிச் சீட்டில் ப.வின் முழுப்பெயர்.

திரேசம்மா மெதுவாகச் சொன்னாள்: "அக்கா சொல்லவேண்டாம் எண்டவ, ஐயா. அந்தத் தட்டில நான் வேற ஒண்டும் வைக்கிறேல்லை. விடிய எழும்பினால் முதல் அதைத்தான் துடைக்கிறனான்."

கோயிலுக்குப் போகிற வழிதான் அது.

என்னோடு வந்து வெளியே நின்ற ஓவசியர், பூட்டுவோமா என்று கேட்டார். அறிவித்தல் பாதி எழுதியாயிற்று. ஏழு நாள் தவணை என்றேன். இத்தனை வருடத்தில் ஒருவருக்கும் கொடுக்காத தவணை. அந்த மனுசிக்கு இரங்கிக் கொடுத்ததல்ல. இன்று பூட்டினால் நாளைக்கு மருந்து எங்கே? எனக்காகக் கொடுத்தேன். செவுளுக்குச் சாயம் பூசுகிறவனை நான் என்னவெல்லாம் சொல்லியிருக்கிறேன்.

யூலை 13, வெள்ளி

அவள் பூக்கூடையோடு போன பிறகு பானைக்குள் கையை விட்டேன். போத்தல். றப்பர் மூடி குத்திக் குத்திச் சல்லடை. மருந்து முடிந்த பழையது, உள்ளே பானைத் தண்ணீர்தான். வெறும் போத்தல். பத்து நாள் வெறும் போத்தலுக்குத் தண்ணீர் மாற்றியிருக்கிறேன், காலையும் மாலையும். ஊரில் உள்ள சட்டியெல்லாம் திறந்து பார்க்கிறவன்.

வந்தாள். போத்தல் மேசையில். கூடையில் பூவுக்கு அடியில் ஊசிப்பெட்டி. மறைக்கவில்லை, கதிரையில் இருந்தாள். ஏன் எனக்குச் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"சொன்னால் நீங்கள் அந்தக் கடையைப் பூட்டுவியள். பிறகு நான் எங்க போறது?" கொஞ்சம் பொறுத்து, சத்தம் போடாமல்: "நீங்கள் சுத்தம் பாத்து முடியுமட்டும் நான் உயிரோட இருக்க வேணுமே."

பேணி ஏன் என்று கேட்டேன். வீட்டில் அதைவிடச் சுத்தமான பாத்திரம் இல்லையாம்.

கந்தோருக்குப் போகவில்லை. என்னிலேயே எனக்கு அருவருப்பு. இது குளித்துப் போகிற அருவருப்பு இல்லை.

யூலை 14, சனி

முதல் பஸ்ஸில் சீனன்குடா. பெட்டி விலைப்படவில்லை, கடவுளே. அந்தப் பெண் சிரிக்கவில்லை. "மணக்குமே ஐயா?" என்றாள். எடுக்கிறேன் என்றேன். கேட்ட காசைப் பேரம் பேசாமல் கொடுத்தேன். லொறிக்காரன் வாசற்படியில் ஒரு மூலையை இடித்துச் சப்பையாக்கிவிட்டான். குசினிக்குள் போயிற்று. இரண்டு பக்கமும் ஒவ்வொரு விரல் இடம்.

சாம்பல், தேசிக்காய், சோடா உப்பு. இன்னும் மணக்கிறது.

கதவில் முட்டை வைக்க எட்டுக் குழி. சைவ வீட்டில் முட்டைக் குழி! ஒன்றில் மருந்துப் போத்தலை வைத்தேன். அளவெடுத்துச் செய்ததுபோல் நின்றது. ப. பார்த்துச் சிரித்தாள், கனகாலத்துக்குப் பிறகு. பேணி எனக்குத் திரும்பி வந்தது. அதில் தண்ணீர் நிரப்பி மேல்தட்டில் வைத்திருக்கிறாள்.

யூலை 19, வியாழன்

தவணை முடிந்தது. திரேசம்மாவின் பெட்டியை மறுபடி பார்த்தேன். கழுவி, கரப்பான் இல்லாமல், சட்டியெல்லாம் மூடி. ஆனால் கதவு றப்பர் கிடைக்கவில்லையாம், குளிர் நிற்கவில்லை. பெட்டி பாவனைக்கு உதவாது, கடை நடத்தலாம், பெட்டிக்குப் பூட்டு. கையெழுத்து வைத்தேன். தயங்கவில்லை, இப்போது எனக்கு அந்தப் பெட்டி தேவையில்லை அல்லவா.

பிரதியை வாங்கி மடித்துச் சட்டைக்குள் வைத்தாள். "அக்காவுக்கு இப்ப சுகமோ?" என்று மட்டும் கேட்டாள். ஓம் என்றேன்.

இரவுச் சாப்பாடு வேண்டாம் என்றுவிட்டேன். பெட்டியைப் பூட்டியதை வீட்டில் சொல்லவில்லை. ப.வுக்கு ஓவசியரின் மனைவி மூலம் தெரிந்திருக்கும்.

யூலை 20, வெள்ளி

முதல் ஆடி வெள்ளி. காற்றுக் கொஞ்சம் அடங்கியது. ப. விடியவே குளித்து, குசினி மெழுகி, விளக்கு வைத்துவிட்டுக் கோயிலுக்குப் போனாள். திரும்பி வர நேரமாயிற்று.

மத்தியானம் வீட்டுக்கு வந்தேன். கிணற்றடிக்குத் திரும்ப முன்னரே மீன் மணம். என் உடம்பில் இருந்து என்று நினைத்தேன். இல்லை. குசினிக்குள் இருந்து. பின் கதவில் திரேசம்மா, இடுப்பில் பேசின் பாத்திரம், வாழையிலை போட்டு மூடி. அவள் கத்தோலிக்கம், வெள்ளிக்கிழமை கடையில் இறைச்சி இல்லை, மீன் மட்டும். இது நாளைக்கு விற்கிற மீன். கோயிலுக்குப் போகிற வழியில் ப.தான் கொண்டுவரச் சொல்லிவிட்டு வந்தாளாம். ஆடி வெள்ளியில். பரிசோதகர் வீட்டில். நான் பெட்டியைப் பூட்டிய கடையின் மீன்.

திரேசம்மா என்னைக் கண்டு பின்னுக்குப் போனாள். ப. என் பக்கம் திரும்பவில்லை.

"உள்ள வை, பிள்ளை. கீழ்த்தட்டு சும்மாதானே கிடக்குது."

கிணற்றடியில் பத்து வாளி ஊற்றினேன். உள்ளே வந்தேன். கதவைத் திறந்தேன். குழியில் மருந்து. கீழே பேசின், இலைக்கு வெளியே ஒரு வால். மேல்தட்டில் என் பேணி. எடுத்தேன். தண்ணீர் நல்ல குளிர். மீன் மணந்தது.

குடித்தேன், முழுவதும்.