அப்பாவின் வேகம்

மார்ச் 3

இன்றும் மேலாளரோடு வாய்ச்சண்டை. அடுத்த மாதம் எங்கள் ஒலிக்காப்பகத்தில் கண்காட்சி. ஜனங்கள் வர வேண்டுமாம், வந்தால் சிரிக்க வேண்டுமாம். மெழுகு உருளையில் ஒரு நீதிபதியின் பேச்சு இருக்கிறது. அதை வேகமாக ஓடவிட்டால் அணில் கத்துவது போல் இருக்கிறது, அதையே வாசலில் வைக்கலாம் என்கிறார். "எல்லாரும் ரசிப்பாங்கம்மா." அந்த மனுஷர் நூறு வருஷத்துக்கு முன்னால் ஒரு தகரக் கூம்புக்குள் முகத்தை நுழைத்துத் தொண்டை கிழியக் கத்தியிருக்கிறார். அவரை அணிலாக்கவா?

முடியாது என்றேன். கொஞ்சம் சத்தமாகவே சொல்லிவிட்டேன் போல. பக்கத்து அறையிலிருந்து எட்டிப் பார்த்தார்கள்.

விளக்கப் பலகைக்கு எழுதிக் கொடுத்தது: "முதலில் வெள்ளீயத்தாளில் குரலைப் பிடித்தார்கள். சில முறை கேட்டாலே கிழிந்துவிடும். பிறகு மெழுகு உருளை வந்தது. பதிந்தது வேண்டாம் என்றால் மேல்பரப்பைச் சீவிவிட்டு மறுபடி பேசலாம். பிறகு தட்டு. ஆனால் எது எந்த வேகத்தில் சுழல வேண்டும் என்று ஆளுக்கொரு கணக்கு வைத்திருந்தார்கள். வேகம் தவறினால் குரல் யாருடையது என்றே தெரியாது."

கடைசி வரி எனக்குப் பிடித்திருந்தது. மேலாளர் நீளம் என்றார்.

மார்ச் 5

இன்னோர் உருளையில், பேச்சு தொடங்கும் முன் யாரோ சுருதிக் குழலை ஒரு தடவை ஊதியிருக்கிறார். அந்தச் சுருதிக்கு வேகத்தைச் சரிசெய்தால் போதும், பேசியவர் பேசியபடியே வந்து நிற்கிறார். பின்னால் எவளோ ஒருத்தி திண்டாடுவாள் என்று யோசித்திருக்கிறாரே, புண்ணியவான். எல்லாரும் இப்படி இருந்தால் என் தலைமுடி பாதியாவது கறுப்பாக இருந்திருக்கும்.

மார்ச் 8

அண்ணன் வந்தான். இருபத்தைந்தாம் தேதி அவனுக்கு நெஞ்சைத் திறந்து அறுவை சிகிச்சை. இதைச் சொல்லி முடிக்க அவனுக்கு ஒரு டீ ஆறும் நேரம் ஆயிற்று. பாதியில் நானே இரண்டு தடவை முடித்து வைக்கப் பார்த்தேன். "பொறு பட்டாசு," என்றான். சின்ன வயதிலிருந்து எனக்கு அந்தப் பெயர்தான். அண்ணி அவனுக்கு வைத்த பெயர் குட்ஸ் வண்டி.

பிறகு பையிலிருந்து பழைய துண்டில் சுற்றிய ஒன்றை எடுத்தான். அப்பாவின் குரல் பதிந்த தட்டு.

"அம்மாவுக்குத் தெரியுமா?"

"குளிக்கப் போனப்ப... சாவியைக் கழட்டி வெச்சிருந்தாங்க. எடுத்துட்டேன்."

அறுபதை நெருங்குகிற ஆள் இப்படித் திருடிக்கொண்டு வந்திருக்கிறான். அப்பாவின் குரலைப் போனில் ஏற்றித் தர வேண்டுமாம். அறுவைக்கு உள்ளே கொண்டுபோகும்வரை காதில் வைத்துக்கொள்வானாம். "பயமா இருக்குடி," என்றான். அவன் வாயிலிருந்து அந்த வார்த்தையை நான் கேட்டதே இல்லை.

அப்பா கப்பலில் இயந்திர அறையில் வேலை பார்த்தவர். ஏதோ ஒரு துறைமுகத்தில் காய்ச்சலில் போனபோது அண்ணனுக்கு ஆறு வயது, எனக்கு இரண்டு. மிச்சம் இருந்தது இந்தச் சின்னத் தட்டுதான். மாதத்துக்கு ஒரு தடவை மாடி வீட்டு அக்காவின் பிளேயரில் போட்டுக் கேட்போம். நிதானமான, கனத்த குரல். "நான் நல்லா இருக்கேன். நேரத்துக்குச் சாப்பிடுங்க. மழையில நனையாதீங்க. எதுக்கும் பயப்படாதீங்க. சீக்கிரமே எல்லாரும் ஒண்ணா இருக்கலாம்." கடைசியில் சின்னதாக ஒரு சிரிப்பு. அண்ணன் அந்தக் குரலைக் கேட்டுத்தான் இப்படிப் பேசப் பழகினான். அதே இழுவை, அதே சிரிப்பு. இன்றைக்கு அவன் டிரைவிங் ஸ்கூல் ஓடுவதே அதனால்தான். எப்படிப்பட்ட பயந்தாங்கொள்ளியும் அவன் பக்கத்தில் உட்கார்ந்தால் கிளட்ச்சை ஒழுங்காக விடுகிறார்.

உறவில் எல்லாரும் சொல்வார்கள்: பெரியவன் அப்படியே அப்பா, இவள்தான் படபடப்பு, அம்மாவைக் கொண்டிருக்கிறாள். அப்பாவிடமிருந்து எனக்கு ஒன்றுமே வரவில்லை என்ற குறை இந்த வயதிலும் போகவில்லை.

எனக்குப் பத்து வயது ஆனபோது அம்மா தட்டை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டாள். கேட்கக் கேட்க ஊசி தின்றுவிடும் என்பாள். உண்மைதான். ஆனால் அதை ஒருநாள் நல்ல ஊசியில் கேட்கத்தான் நான் இந்த வேலைக்கே வந்தேன். எத்தனையோ தடவை கேட்டும் தரவில்லை.

மார்ச் 10

காலையில் எல்லாரும் வரும் முன்பே போய்விட்டேன். அலுமினியத் தட்டு, மேலே கறுப்புப் பூச்சு, ஓரத்தில் உரிந்திருக்கிறது. கழுவினேன். ஊசியை இறக்கினேன். வழக்கம்போல் நிமிஷத்துக்கு நாற்பத்தைந்து சுற்றில்.

அப்பா பேசினார். மேஜையில் தலையை வைத்து அழுதேன்.

மார்ச் 11

ஏதோ சரியில்லை.

குரலுக்கு அடியில் ஒரு ரீங்காரம். அது எல்லாப் பழைய பதிவிலும் இருக்கும். பதிவு செய்த கருவிக்குள் ஓடும் மின்சாரத்தின் சத்தம். இங்கே மின்சாரம் என்றால் நொடிக்கு ஐம்பது துடிப்பு. கம்ப்யூட்டரில் அளந்து பார்த்தால் இருபத்தொன்பது காட்டுகிறது. இருபத்தொன்பதில் எந்த ஊரில் மின்சாரம் ஓடுகிறது?

காகிதத்தில் கணக்குப் போட்டேன். வந்த விடை பிடிக்காமல் மறுபடி போட்டேன். அதே எழுபத்தெட்டு. தட்டு அந்த வேகத்தில் சுழன்றால்தான் ரீங்காரம் ஐம்பதுக்கு வரும்.

எழுபத்தெட்டில் வைத்துக் கேட்டால் தெரிந்துவிடும். கேட்கவில்லை. மூன்று தடவை எழுந்து வராந்தாவில் நடந்துவிட்டு வந்தேன். மேலாளர் உடம்பு சரியில்லையா என்றார். வீட்டுக்கு வந்துவிட்டேன்.

மார்ச் 12

கேட்டேன்.

அது அப்பா இல்ல. பொம்பளைக் குரல். படபடன்னு, மூச்சு விடாம. ஒரு நிமிஷம் அது நான்தான்னு நெனச்சேன். நான் எப்ப பேசினேன்னு திருதிருன்னு முழிச்சேன். அப்புறம்தான் உறைச்சது — அம்மா. சின்ன வயசு அம்மா.

கடைசியில வர்ற சிரிப்பு இருக்கே, அண்ணன் கண்ணாடி முன்னால நின்னு பழகின சிரிப்பு, அது ஒரு சின்னக் குழந்தையோடது. வேற எந்தக் குழந்தை? நான்தான்.

மார்ச் 13

போன் அடித்தபோதெல்லாம் எடுக்கவில்லை.

மார்ச் 15

அம்மாவிடம் போனேன். கோபமாகத்தான் போனேன். தட்டை மேஜையில் வைத்தேன். அம்மா அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "எழுபத்தெட்டுல போட்டுட்டியா?" என்றாள்.

அப்புறம் அவள் பாணியில் கொட்டினாள். "போட்டோ ஸ்டூடியோக்காரன் ஒரு ரூம் வெச்சிருந்தான், பீரோ மாதிரி. உள்ளே போய்க் கதவைச் சாத்திட்டுப் பேசினா தட்டுல ஏறிடும். கொஞ்ச நேரம்தான் ஓடும், சீக்கிரம் சொல்லும்மான்னான். உன்னை இடுப்புல வெச்சிட்டு மளமளன்னு சொல்லிட்டேன். கப்பலுக்கு அனுப்பினேன். முதல்ல அவர் போயிட்ட சேதி வந்துச்சு. பார்சல் அதுக்கப்புறம் திரும்பி வந்துச்சு. பிரிக்கவே இல்ல."

"சரி, அப்பா குரல்னு ஏன் சொன்னீங்க?"

"நான் எங்கடி சொன்னேன்? நான் குளிக்கப் போயிருந்தேன். உங்கண்ணன் எடுத்துட்டு மாடிக்கு ஓடிட்டான். சின்னத் தட்டுன்னா நாப்பத்தஞ்சுல வைக்கணும்னு மாடி வீட்டுக்காரி சொல்லிக் குடுத்திருந்தா. வெச்சுட்டான். ஈரத்தலையோட ஓடிப்போய்ப் பார்த்தா, அப்பா அப்பான்னு குதிக்கிறான். அவர் போனதிலிருந்து அந்தப் புள்ள ஒரு வாய் ஒழுங்கா சாப்பிட்டது இல்ல. நான் என்ன பண்ணணுங்கற? ஸ்விட்ச்சைத் திருப்பி, இல்லடா, அது நான்டான்னு சொல்லணுமா?"

தட்டை என் பக்கம் இழுத்துக்கொண்டேன்.

"அந்த ஒரு நாளைக்குத்தான்னு நெனச்சேன். மாடி வீட்டுக்காரிக்கும் தெரியும். அவளும் வாயைத் திறக்கல."

"என்கிட்டயாவது சொல்லியிருக்கலாம்ல? நான் பார்க்கற வேலையே இதுதானே?"

"அதனாலதான்டி சாவியை இடுப்பை விட்டு இறக்கல."

சிரிப்பு வந்துவிட்டது. சிரித்ததற்காக என் மேலேயே எரிச்சலாக வந்தது. கிளம்பும்போது அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "என் வாயால நானே சொல்றேன். முதல்ல அவன் பிழைச்சு வரட்டும்."

மார்ச் 19

அண்ணன் போன் செய்தான். "தட்டு... என்னாச்சு?" பூச்சு உரிகிறது, மெதுவாகத்தான் செய்ய வேண்டும் என்று ஏதோ உளறினேன். "மெதுவாவே செய்," என்றான். அவன் அப்படித்தான் சொல்வான்.

எதைக் கொடுப்பது? எழுபத்தெட்டைக் கொடுத்தால், அறுவைக்குப் போகிறவனிடம், 'நீ அப்பா என்று நினைத்தவர் அப்பா இல்லை' என்று சொல்லி அனுப்புகிறேன். நாற்பத்தைந்தைக் கொடுத்தால் தெரிந்தே பொய்யை ஏற்றித் தருகிறேன். நீதிபதியை அணிலாக்க மாட்டேன் என்று குதித்தவள்தானே நான்? ஒரு வாரமாக எந்த வேலையும் ஓடவில்லை. கழுவிய தட்டையே மறுபடி கழுவுகிறேன்.

உள்ளே கொண்டுபோய் அவன் திரும்பி வராவிட்டால்? இதைத்தான் எழுதாமல் தப்பித்துக்கொண்டிருந்தேன். எழுதிவிட்டேன்.

மார்ச் 22

நாற்பத்தைந்தையே ஏற்றிக் கொடுத்தேன். ரீங்காரத்தைக்கூட எடுக்கவில்லை. கேட்டுவிட்டு, "எவ்வளவு தெளிவா இருக்கு பாரு," என்றான். சந்தோஷமாக இருந்தான். நான் ஜன்னலைச் சாத்தப் போவது போல் எழுந்து போய்விட்டேன்.

மார்ச் 25

ஆஸ்பத்திரி. காதில் இயர்போனை மாட்டிக்கொண்டே தள்ளுவண்டியில் போனான். கதவு வரைக்கும்தான் விட்டார்கள். நர்ஸ் அதைக் கழற்றி அண்ணியிடம் கொடுத்தாள்.

அம்மா பெஞ்சில் உட்கார்ந்து வாய்க்குள் ஏதோ முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். ஏதோ வேண்டுதல் என்று நினைத்தேன். குனிந்து கேட்டேன். நேரத்துக்குச் சாப்பிடுங்க, மழையில நனையாதீங்க, எதுக்கும் பயப்படாதீங்க.

மாலை. பிழைத்துவிட்டான்.

ஏப்ரல் 5

இன்று அம்மா சொல்லிவிட்டாள்.

அண்ணன் கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். இருமினால் தையல் வலிக்கும் என்று ஆஸ்பத்திரியில் கொடுத்த தலையணையை நெஞ்சோடு கட்டிக்கொண்டிருந்தான். அண்ணி பக்கத்தில். அம்மா நின்றபடியே ஒரே மூச்சில் எல்லாவற்றையும் சொன்னாள். நடுவில் நிறுத்தினால் அழுதுவிடுவாள் என்று எனக்குத் தெரியும்.

அண்ணன் என்னைப் பார்த்துக் கையை நீட்டினான். எழுபத்தெட்டைப் போட்டேன். கேட்டு முடித்ததும், "அந்தச் சிரிப்பு... இவளா?" என்றான். அம்மா தலையாட்டினாள். அவனுக்குச் சிரிப்பு வந்தது, தையல் வலித்தது, தலையணையை இறுக்கிக்கொண்டான். அப்பாடா, முடிந்தது என்று நினைத்தேன். என் அவசர புத்தி.

"அப்ப அவர் எப்படிம்மா பேசுவாரு?"

இழுக்காமல், வேகமாகக் கேட்டான். அவன் அப்படிப் பேசி நான் கேட்டதில்லை.

அம்மா வாயைத் திறந்தாள். அவர் பேசுவது போல் பேசிக் காட்டப் போகிறாள் என்று நாங்கள் மூன்று பேரும் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தோம். மூடிக்கொண்டாள். மறுபடி திறந்தாள்.

"தெரியலடா," என்றாள். "அந்தத் தட்டைக் கேட்டுக் கேட்டு, எனக்கும் அதுதான் அவர் குரல்னு ஆயிடுச்சு. நிஜக் குரல் எப்ப போச்சுன்னே தெரியல."

பிறகுதான் அழுதாள். அவரை நினைத்தா, அந்தக் குரலை நினைத்தா என்று நான் கேட்கவில்லை.

ஏப்ரல் 9

அண்ணி போன் செய்தாள். "குட்ஸ் வண்டி நின்னுபோச்சு." கேட்டதற்கு ஆம், இல்லை, அவ்வளவுதானாம். பேச ஆரம்பிக்கிறான், பாதியில் நிறுத்திக்கொள்கிறான். டிரைவிங் ஸ்கூலை யாருக்காவது கொடுத்துவிடலாமா என்று கேட்டானாம்.

நான்தான் அந்தத் தட்டை அளந்தேன். அளக்காமல் இருந்திருந்தால்? முடியாது, நான் அளக்காமல் இருக்கிற ஆள் இல்லை. இருந்தாலும்.

ஏப்ரல் 14

கண்காட்சி. நீதிபதி சரியான வேகத்தில் பேசினார். யாரும் சிரிக்கவில்லை, ரொம்பப் பேர் நிற்கவும் இல்லை. மேலாளர் என்னை ஒரு பார்வை பார்த்தார். பலகையில் என் கடைசி வரி அப்படியே இருக்கிறது. அதை இரண்டாம் தடவை படிக்கப் பிடிக்காமல் அடுத்த அறைக்குப் போய்விட்டேன்.

ஏப்ரல் 20

அம்மா அண்ணன் வீட்டிலேயே தங்கிவிட்டாள். என்ன செய்கிறாள் என்று அண்ணியைக் கேட்டேன். அவன் பக்கத்தில் உட்கார்ந்து, "ஏதாவது பேசேன்டா," என்று நச்சரிக்கிறாளாம். "நீ பழையபடி பேசு. எனக்கு அதைக் கேட்கணும்." அவன் பேசவில்லையாம். இவளும் விடவில்லையாம்.

ஏப்ரல் 28

காலையில் டீ போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். போன் அடித்தது. அண்ணன்.

"பட்டாசு..." என்றான். நிறுத்தினான்.

என்ன, என்னாச்சு, அம்மாவுக்கு ஏதாவதா, எல்லாம் என் நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டன. உதட்டைக் கடித்துக்கொண்டேன்.

"நாளையிலிருந்து..." மறுபடி நிறுத்தினான். பின்னால் எங்கேயோ அம்மாவின் குரல் கேட்டது, பிறகு அதுவும் அடங்கியது. "ஒரு அம்மா... வந்து கேட்டாங்க. ரொம்பப்... பயப்படறாங்களாம். நான்தான்... சொல்லிக் குடுக்கணுமாம். அதனால... கிளாஸ் எடுக்கலாம்னு... இருக்கேன்."

அவன் சொல்லி முடிக்கும்வரை நான் குறுக்கே பேசவில்லை. டீ ஆறிவிட்டது.