ஸஜ்தாவில் உறங்கிய பிள்ளை

ஆகஸ்ட் 4, செவ்வாய்

மருந்துக்கடையில் கூட்டம் இல்லை. மகளின் பழைய வீடியோவை மறுபடி பகிர்ந்தேன். ஆறு வயதில் என் பக்கத்தில் தொழுதவள், ஸஜ்தாவில் நெற்றியைத் தரையில் வைத்தபடியே உறங்கிப்போனது. குறட்டை வேறு. மதியத்துக்குள் முந்நூறு 'மாஷா அல்லாஹ்'. இப்போது பதின்மூன்று வயது. என் கண்ணுக்கு இன்னும் அந்த முகம்தான்.

ஆகஸ்ட் 6, வியாழன்

பள்ளியிலிருந்து வந்தவள் பையைக்கூடக் கழற்றவில்லை. "அந்த வீடியோவ எடுத்துடுங்க உம்மா." ஏன் என்றேன். "எடுத்துடுங்கன்னா எடுத்துடுங்க." அழகாகத்தானே இருக்கிறது என்று சிரித்தேன்.

ஆகஸ்ட் 7

எடுக்கவில்லை. லைக் ஆயிரத்தைத் தாண்டிவிட்டது.

ஆகஸ்ட் 11, செவ்வாய்

வகுப்பாசிரியை வரச் சொன்னார். இவள் உள்ளே நுழைந்தாலே பின்வரிசையில் நாலைந்து பேர் மேசையில் நெற்றியை வைத்துக் குறட்டை விடுகிறார்களாம். அந்தப் படத்தை ஸ்டிக்கராக்கி எல்லார் போனிலும். "கண்டிச்சிட்டேன்மா. ஆனா போன்ல சுத்தறத நான் என்ன பண்ண முடியும்?"

அங்கேயே நின்று அழித்தேன். என் பக்கத்தில் மட்டும்தான் அழிந்தது.

வீட்டில் இவள் அத்தா சத்தம் போடவில்லை. "தொழுகையக் கேலி பண்ண நாமளே எடுத்துக் குடுத்திருக்கோம்." அவ்வளவுதான் சொன்னார். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

ஆகஸ்ட் 19

தொழக் கூப்பிட்டால் "நீங்க தொழுங்க" என்கிறாள். எனக்கு முன்னால் கைகால் கழுவி ஒளூ செய்துவிட்டு நிற்கிற பிள்ளை. யா அல்லாஹ், என்ன பண்ணி வச்சிருக்கேன்? யாருக்காகப் போட்டேன்? முகம் தெரியாத ஆயிரம் பேருக்கா?

ஆகஸ்ட் 25

மன்னிப்புக் கேட்டேன். மூடிய கதவுக்கு அந்தப் பக்கமிருந்து — "சொன்னப்ப சிரிச்சீங்கல்ல."

செப்டம்பர் 6, ஞாயிறு

என் அக்கா வந்து இவளை அழைத்துப் போனாள். இனி அக்கா வீடு, அங்கேயே வேறு பள்ளி. கேட்டது மகள்தான். அத்தாவின் கையைப் பிடித்து விடைபெற்றாள். என்னிடம் "வர்றேன்" என்றாள், செருப்பைப் பார்த்துக்கொண்டு.

டிசம்பர் 11, வெள்ளி

அக்காவிடம் பேசினேன். நன்றாகப் படிக்கிறாளாம். பெரியம்மாவோடு சேர்ந்து தொழுகிறாளாம். அல்ஹம்துலில்லாஹ் சொன்னேன். ஒரே ஒரு படம் அனுப்பேன் என்றேன்.

அக்கா கதவைச் சாத்துவது கேட்டது.

"முன்னாடியே கேட்டேன்டி. யாருக்கும் காட்ட மாட்டா, உங்க உம்மாவுக்கு மட்டும்தான்னு சொன்னேன். உம்மாவுக்குத்தான் வேணாங்கறா."

சரி என்றேன். உயரமாகிவிட்டாளா என்று மட்டும் கேட்டேன்.