கைசரின் மீன் வாசனை

மட்டாஞ்சேரி,
12-8-1979

சௌபாக்கியவதி கங்காவுக்கு அம்மா ஆசீர்வாதத்துடன் எழுதுவது. இங்கே மழை விடவில்லை; மற்றபடி எல்லோரும் சௌக்கியம். உன் கடிதத்தில் கைசரைப் பற்றி மட்டும்தான் கேட்டிருக்கிறாய். அதனால் நானும் அவனைப் பற்றியே எழுதுகிறேன்.

கர்க்கடக மாதம் பிறந்ததிலிருந்து வீட்டில் மீன் வாசனை. பக்கத்து ஜூ டவுன் மசாலாக் கிடங்குகளின் சுக்கு வாசனையையும் மீறிக் கூடத்தில் நின்றது. பாத்திரம் தேய்க்க வைப்பின் தீவிலிருந்து வரும் ஓமனாதான் நாய்க்குத் திருட்டுத்தனமாக மீன் போடுகிறாள் என்று உன் அத்தை தீர்மானித்துவிட்டாள். ஓமனா அசரவில்லை. "மத்தி விக்கிற விலைக்கு எங்க பிள்ளைகளுக்கே தலையும் வாலும்தான். உங்க நாய்க்கு யாரு குடுக்கும் மாமி?" என்றாள்.

அத்தை அப்பாவைப் பிடித்தாள். ஆலுவாவில் மரக்கடை வைத்திருக்கும் வெங்கிட்டு காவலுக்கு நாய் தேடுகிறானாம். ஞாயிற்றுக்கிழமை ஜீப்போடு வந்து 'அந்த நாயை'க் கொண்டுபோகட்டும் என்றார் அப்பா. உன் நாய் என்று சொல்லவில்லை. நீயாகக் கல்யாணம் செய்துகொண்டு போனதிலிருந்து உன் பெயரை அவர் எடுப்பதில்லை.

எனக்கு நாய்கள் மேல் பெரிய பிரியம் கிடையாது. விசாரிக்காமல் தண்டிப்பதும் பிடிக்காது. கைசர் பின்புறத்தைத் தரையில் தேய்த்துக்கொண்டே நகர்ந்தான், ஓயாமல் நக்கினான். பூச்சி என்று அத்தை வேப்பிலை அரைத்தாள். நான் மிருக டாக்டரிடம் அழைத்துப் போனேன்.

ஆசனவாயின் இரு பக்கமும் நாய்களுக்குச் சின்னப் பைகள் உண்டாம். மலம் கெட்டியாகப் போனால் அந்த அழுத்தத்திலேயே காலியாகிவிடும். இளகிப் போனால் உள்ளே இருக்கும் நீர் தேங்கிக் கட்டியாகும். மீன் வாசனை அதனுடையதுதான். என்ன கொடுக்கிறீர்கள் என்று கேட்டார். தயிர் சாதம் என்றேன். "அல்சேஷனுக்கோ?" என்றவர், சிரிப்பை அடக்க மேஜையில் எதையோ தேடினார்.

இப்போது தோலோடு வேகவைத்த மத்தங்காய், கோதுமைத் தவிடு, கொஞ்சமே கொஞ்சம் சோறு. உடம்பு இளைக்கச் சாயங்காலம் நடை. மாமிசம் என்று டாக்டர் சொன்னதை அத்தையிடம் சொல்லவில்லை. ஓமனா முட்டை அவித்துக் கொண்டுவருகிறாள். அத்தை கேட்டால் மருந்து. அவள் சந்தேகப்பட்டது இப்போதுதான் பாதி உண்மையாகியிருக்கிறது.

ஞாயிறு காலை ஒரு பக்கம் மறுபடி வீங்கியிருந்தது. வெந்நீர்த் துணியால் ஒத்தி, எங்கள் கல்லூரி லேபின் ரப்பர் கையுறை போட்டுக்கொண்டு, டாக்டர் காட்டிக்கொடுத்தபடி மெல்ல அழுத்தினேன். தலையைப் பிடிக்க ஆளில்லை. அப்பாதான் தரையில் உட்கார்ந்து பிடித்துக்கொண்டார். கைசர் முனகினான். அப்பா அவன் காதருகே குனிந்து, "பொறுத்துக்கோடா, கங்கா வந்துடுவா" என்றார்.

நான் தலை நிமிரவில்லை. அவரும் எழுந்து, போட்டிருந்த கண்ணாடியையே தேடப் போய்விட்டார். பிறகு வெங்கிட்டு வந்தான். காப்பி கொடுத்து, நாயைக் கொடுப்பதாக இல்லை என்று சொல்லி அனுப்பினார்.

அந்தப் பைகளை மாதாமாதம் பார்க்க வேண்டும். நிறைந்திருந்தால் மட்டுமே அழுத்த வேண்டும், சும்மா அழுத்தினால் புண்ணாகும். ஓணத்தையொட்டி அடுத்த முறை வரும். அப்பாவின் முழங்கால் இனித் தரையில் உட்கார விடாது. கைசரின் தலையைப் பிடிக்கத் திடமான ஆள் வேண்டும். உன் வீட்டுக்காரருக்கு நாயென்றால் பயமில்லை என்று முன்பு எழுதியிருந்தாய். ரயிலுக்கு இப்போதே சொல்லி வைத்தால்தான் இடம் கிடைக்கும்.

இருவரும் நன்றாக இருங்கள்.

அன்புள்ள,
அம்மா