நிறம் மங்கிய குரோட்டன்ஸ்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. நானும் அம்மாவும் நலம், உன் செடிகளும் ஒன்றைத் தவிர நலம். நீ வேளாவேளைக்குச் சாப்பிட்டுத் தூங்கி நன்றாக இருக்க வேண்டும், எங்களுக்கு வேறென்ன கவலை. கையெழுத்து கோணல்மாணலாக இருப்பதைப் பார்த்துப் பயந்துவிடாதே, காரணம் சொல்கிறேன்.

நாலைந்து மாதமாக உன்னிடம் போனில் ஒரே புலம்பலாகப் புலம்பினேனே, உன் வண்ண இலைச் செடிகளில் குரோட்டன்ஸின் சிவப்பு துருப்பிடித்துவிட்டது, கலேடியத்தின் ரோஜா நிறம் டீ கொட்டிய காகிதமாகிவிட்டது, கோலியஸில் ஊதாவே இல்லை என்று. வெளிச்சம் போதாமல் இருக்கும், ஜன்னல் பக்கம் தள்ளி வையுங்கள் என்றாய், வைத்தேன். இடம் மாற்றியதற்குக் கோபித்துக்கொண்டு குரோட்டன்ஸ் பத்து இலையைக் கொட்டியது. ஈரத் துணியால் துடையுங்கள் என்றாய், குழந்தைக்கு முகம் துடைப்பதுபோல ஒவ்வோர் இலையாகத் துடைத்தேன். அப்படியும் நிறம் வராததால் உனக்குத் தெரியாமல் ஒரு காரியம் செய்தேன், மாதம் ஒருமுறை போட வேண்டிய உரத்தை வாராவாரம் போட்டேன். கோலியஸ் ஓரமெல்லாம் கருகிப் போய்ச் சேர்ந்தது. உன்னிடம் மறைத்துவிட்டேன், மன்னித்துக்கொள். நல்ல வேளையாக அம்மா முன்பே ஒரு கிளையை ஒடித்துத் தண்ணீர் டம்ளரில் போட்டிருந்தாள், அது வேர் விட்டிருக்கிறது.

குரோட்டன்ஸ் இலை ஒன்றைக் கிள்ளிக்கொண்டு நர்சரிக்காரரிடம் சண்டைக்கே போனேன். அவர் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, ரத்தச் சிவப்பா இருக்கு சார், இதுக்கு என்ன குறை, முதல்ல உங்க கண்ணைக் காட்டுங்க என்றார். எனக்கு வந்ததே கோபம். முப்பத்தைந்து வருஷம் பெயிண்ட் கடையில் கண்ணளவிலேயே நிறம் கலந்தவனிடம் பேசுகிற பேச்சா அது? அம்மாதான் விடாப்பிடியாகக் கண் ஆஸ்பத்திரிக்கு இழுத்துப் போனாள். இரண்டு கண்ணிலும் புரை முற்றியிருக்கிறது என்றார் டாக்டரம்மா. இந்தக் கண்ணை விட்டால் எனக்கு வேறு என்ன தெரியும் சொல். உன்னிடம் சொன்னால் வேலையைப் போட்டுவிட்டு ஓடிவருவாய் என்றுதான் சொல்லவில்லை. போன வாரம் வலது கண்ணுக்கு ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது, கண்ணாடிதான் இன்னும் வரவில்லை.

கட்டுப் பிரித்த காலையில் நேரே உன் அறைக்குப் போய்ச் செடிகளுக்கு நடுவே உட்கார்ந்தேன். இடது கண்ணை மூடினால் குரோட்டன்ஸ் தீயாக நிற்கிறது, வலதை மூடினால் பழையபடி டீத்தண்ணீருக்குள் மூழ்கிவிடுகிறது. ஒரே அறை இரண்டு அறையாக வந்து வந்து போனது. கலேடியம் இலை வழியாக வெயில் கசிந்து என் புறங்கையில் ரோஜா நிறமாக விழுந்தது, கையை எடுக்க மனமே இல்லாமல் எத்தனை நேரம் இருந்தேனோ தெரியாது. அம்மா எட்டிப் பார்த்து, இந்த வயசுல யாருக்குக் கண்ணடிக்கிறீங்க என்றாள். சிரித்துக்கொண்டே நிமிர்ந்தபோதுதான் சுவரைப் பார்த்தேன்.

போன வருஷம் நீ வருகிறாய் என்று நானே கலந்து நானே அடித்த சுவர். வெண்ணெய் நிறம் கேட்டிருந்தாய். எவ்வளவு கலந்தாலும் மஞ்சளடிக்கிறதே என்று நீலத்தைச் சொட்டுச் சொட்டாக விட்டுக்கொண்டே போனது ஞாபகம் இருக்கிறது. புதுக் கண்ணுக்கு அது, அளவு தெரியாமல் நீலம் போட்ட வெள்ளைச் சட்டை மாதிரி தெரிகிறது. அன்று பெட்டியோடு அறை வாசலில் ஒரு நிமிஷம் நின்றாய், பிறகு ரொம்ப நல்லா இருக்குப்பா என்றாய். அந்த ஒரு நிமிஷத்தைச் சந்தோஷம் என்றே இத்தனை நாளும் நினைத்திருந்தேன். அம்மாவைக் கேட்டேன். அப்பா ஆசையா கலந்திருக்கார், நீ வாயே திறக்காதேம்மா என்று நீதான் சொன்னாயாம். ஒரு மாசம் அந்த நீலத்துக்குள் படுத்து எழுந்திருக்கிறாய். எனக்கு அழுகை வந்துவிட்டது, புதுக் கண்ணைக் கெடுத்துக்காதீங்க என்று அம்மா திட்டினாள்.

வருகிற புதன்கிழமை இடது கண். நீ ஓடி வராதே, லீவு கிடைக்கும்போது வா. அங்கே உன் செடிகளை ஏசி காற்று படுகிற இடத்தில் வைக்காதே, மண்ணை விரலால் தொட்டுப் பார்த்து, காய்ந்திருந்தால் மட்டும் தண்ணீர் ஊற்று. உரம் விஷயத்தில் என்னைப் பார்த்துக் கற்றுக்கொள். இதோடு நாலு காகிதத் துண்டுகளில் நிறம் பூசி, எண் போட்டு அனுப்பியிருக்கிறேன், புதுக் கண்ணால் கலந்தவை. மூன்று வெண்ணெய் நிறம், நாலாவது அந்த நீலமேதான்.

நினைத்ததெல்லாம் கைகூடி, நோய் நொடி இல்லாமல் நீ நன்றாக இருக்க வேண்டும் என்று நாங்கள் இருவரும் வாழ்த்துகிறோம். மறக்காமல், உன் சுவருக்கு எந்தத் துண்டு என்று எண்ணைப் போட்டுப் பதில் எழுது. எல்லாமே நல்லா இருக்குப்பா என்று மட்டும் எழுதிவிடாதே.

உன் அப்பா